ஆடி மாதத்துக் குடித்தனம்

புருஷனை விட்டுப் பிரிய வேண்டுமானால் முதலில் அவரோடு சேர்ந்து வாழ்ந்ததை நிரூபிக்க வேண்டும் என்று எனக்கு யாரும் சொல்லித் தந்திருக்கவில்லை. வக்கீல்தான் சொன்னார். விருத்தாசலம் கோர்ட்டுக்குப் பக்கத்தில், ஜெராக்ஸ் கடை மாடியில் அவருடைய ஆபீஸ். அடித்தது, உதைத்தது, வீட்டைப் பூட்டிக்கொண்டு உள்ளே விடாதது என்று நான் அழுது முடிக்கும்வரை பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு, "அதெல்லாம் அப்புறம் பாத்துக்கலாம்மா. கடைசியா ரெண்டு பேரும் ஒண்ணா எந்த ஊர்ல குடியிருந்தீங்க?" என்று கேட்டார்.

அவ்வளவு அழுகைக்குப் பிறகு ஒரு மனிதர் ஊர் பேர் கேட்கிறாரே என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. அவர் விரலை மடக்கிக் கணக்குச் சொன்னார். கல்யாணம் நடந்த ஊர், எதிராளி இப்போது குடியிருக்கிற ஊர், இரண்டு பேரும் கடைசியாகச் சேர்ந்து குடியிருந்த ஊர். இந்த மூன்றில் ஒன்றில்தான் மனு போடலாம். இரண்டாயிரம் பிறந்த புதிது அது. அன்றைக்குச் சட்டம் அப்படித்தான் இருந்தது. அடிபட்டவள் இப்போது எந்த ஊரில் கிடக்கிறாள் என்பது கணக்கிலேயே சேர்த்தி இல்லை. எங்கள் கல்யாணம் மாப்பிள்ளை ஊரான ராணிப்பேட்டையில் நடந்தது. அவர் இருப்பதும் ராணிப்பேட்டை. ஆக இரண்டு விரல் போய்விட்டது. மிச்சமிருந்த மூன்றாவது விரலை நீட்டியபடி வக்கீல் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ராணிப்பேட்டைக்குப் போக முடியாது என்று நான் சொன்னது தூரத்துக்காக மட்டும் இல்லை. விழுப்புரத்தில் ஒரு பஸ், ஆற்காட்டில் ஒரு பஸ் என்று மாறிப் போனால் போகலாம்தான். கடைசியாக அந்த ஊருக்கு நான் போனபோது, பூட்டிய கதவுக்கு முன்னால் பெட்டியோடு நின்றேன். அவர் வந்தார். தெருவில் வைத்தே தலைமுடியைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் பஸ் ஸ்டாண்டு வழியில் விட்டார். எதிர்த்த வீட்டுக்காரர்கள் எல்லாம் வாசலில்தான் நின்றார்கள். அந்த ஊர் பேரை பஸ் பலகையில் பார்த்தாலே நான் முகத்தைத் திருப்பிக்கொள்வேன். மாதா மாதம் வாய்தாவுக்கு அங்கே போய், அவருடைய ஆட்களுக்கு நடுவில் நிற்பதென்றால் இந்த விவாகரத்தே வேண்டாம் என்று தோன்றியது. எனக்கு வேண்டியதெல்லாம் என் ஊர் கோர்ட்டில், வேலைக்குப் போகிற வழியிலேயே போய், இந்தக் கழுத்துச் சுருக்கை அறுத்துக்கொண்டு வருவதுதான்.

"விருத்தாசலம்தான் சார்" என்றேன். "கடைசியா ஒண்ணா இருந்தது இங்கதான். ஆடி மாசத்துல."

அவர் சிரித்துவிட்டார். "ஆடியிலயா? ஆடியில பிரிச்சில்லம்மா வைப்பாங்க" என்றார்.

பிரித்துத்தான் வைத்தார்கள். வைத்ததாக ஊர் நம்பியது. அதுதான் இந்தக் கதையே.

கல்யாணமான முதல் வருஷம் ஆடிக்கு அம்மா என்னைச் சீர் வைத்து அழைத்துக்கொண்டு வந்தாள். அப்பா காலமாகிவிட்டதால் எல்லாவற்றையும் அவள் ஒருத்தியே செய்தாள். புதுப் பெண்சாதி ஆடியில் புருஷனோடு இருந்தால் சித்திரையில் குழந்தை பிறக்கும், சித்திரைக் குழந்தை குடும்பத்துக்கு ஆகாது என்ற பயம் எங்கள் பக்கத்தில் எல்லா வீட்டிலும் உண்டு. அம்மாவுக்கு அந்தப் பயம் கொஞ்சம், தெரு என்ன சொல்லுமோ என்ற பயம் நிறைய. அப்படிப்பட்டவள் வீட்டுக்கு, ஆடி பிறந்த சில நாளிலேயே மாப்பிள்ளை பையோடு வந்து நின்றார். அவர் வேலை பார்த்த பீங்கான் குழாய் ஆலையை உலை ரிப்பேருக்காக மூடியிருந்தார்களாம். விருத்தாசலத்திலும் பீங்கான்தானே, தொழிற்பேட்டையில் ஏதாவது வேலை கிடைக்கும் என்று கிளம்பி வந்துவிட்டார். கிடைக்கவும் கிடைத்தது. மெயின் போர்டில் மாட்டுகிற ஃபியூஸ் கேரியர் செய்யும் ஒரு யூனிட்டில், சுடுவதற்கு உலையில் சாமான் அடுக்குகிற வேலை. ஷெட்டிலேயே தங்கிக்கொள்ள இடமும் தந்தார்கள்.

அந்த ஷெட்டில் அவர் ஒரு நாள்தான் படுத்தார். மறுநாள் கொசுக்கடியோடு வந்து நின்ற மாப்பிள்ளையை அம்மாவால் விரட்டவும் முடியவில்லை, வைத்துக்கொள்ளவும் முடியவில்லை. யோசித்து யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தாள். சாயங்காலம் சாப்பாடு முடிந்ததும் வாசலில் நின்று, தெருவே கேட்கிறமாதிரி, "போயிட்டு வாங்க மாப்ள, ஷெட்டுல கொசு இருக்கும், பொகைய போட்டுட்டுப் படுங்க" என்பாள். அவர் தோளில் துண்டைப் போட்டுக்கொண்டு தெருவில் எல்லார் கண்ணிலும் படுகிறமாதிரி நடந்து, ரயில்வே கேட்டண்டை டீ குடித்துவிட்டு, சந்து வழியாகப் பின்கதவுக்கு வருவார். காலையில் பின்பக்கமாகப் போய் முன்பக்கமாக வருவார். அம்மா வாசல் தெளித்துக்கொண்டே, "வாங்க மாப்ள, தூக்கம் வந்துச்சா?" என்று விசாரிப்பாள். அவர் முகத்தைத் தூக்கம் கெட்டவர்போல வைத்துக்கொண்டு, "எங்க அத்த, ஒரே கொசு" என்பார். நான் உள்ளே அடுப்பங்கரையில் புடவைத் தலைப்பை வாயில் வைத்து அடைத்துக்கொண்டு நிற்பேன்.

ஆடி முழுக்க இந்தக் கூத்து நடந்தது. அந்த மாதத்தில் அவர் என்னை அடிக்கக் கை ஓங்கவில்லை. மாமியார் வீடு என்பதாலோ, திருட்டுத்தனமாக வந்து போவது பிடித்திருந்ததாலோ தெரியவில்லை. ராணிப்பேட்டையில் குழம்பில் உப்பு கூடினால் தட்டு பறக்கும். இங்கே அம்மாவின் குழம்பை உறிஞ்சிக் குடித்தார். உலைச் சூட்டில் கைமயிர் பொசுங்கியதைக் காட்டினார். எனக்காகச் செய்தது என்று, சுடாத பச்சைப் பீங்கான் மண்ணில் குருவி பொம்மை ஒன்றைப் பிடித்துக்கொண்டு வந்தார். சுடுவதற்குக் கொண்டுபோனபோது அது வெடித்துவிட்டது என்று மறுநாள் சொன்னார். எங்கள் கல்யாணத்தில் நான் சந்தோஷமாக இருந்தது அந்த ஒரு மாதம்தான். இதை எழுதுவதற்கே வெட்கமாக இருக்கிறது, ஆனால் உண்மை அதுதான்.

ஆடி முடிந்ததும் ஆலை திறந்துவிட்டதென்று அவர் முன்னால் போனார். பெட்டியோடு பின்னால் போன எனக்குக் கிடைத்த மரியாதையைத்தான் சொன்னேனே. அவருக்கு அங்கே வேறொருத்தி இருந்தாள். கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே இருந்தாளாம். எங்கள் தெருவைத் தவிர எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

வருஷங்கள் கழித்து வக்கீல் முன்னால் உட்கார்ந்தபோது, என் வழக்கு முழுக்க அந்த ஒரு மாதத்தில் தொங்கியது. அடித்ததற்குச் சாட்சி பிறகு பார்த்துக்கொள்ளலாமாம். ஆடியில் அவரும் நானும் ஒரே வீட்டில் புருஷன் பெண்சாதியாகக் குடியிருந்தோம் என்று காட்டினால் விருத்தாசலம் கோர்ட் வழக்கை எடுத்துக்கொள்ளும். காட்டாவிட்டால் ராணிப்பேட்டை. நான் சந்தோஷமாக இருந்ததை நிரூபித்தால்தான் என்னை விடுவிப்பார்கள்.

நாங்கள் மனு போட்டோம். அவர் தரப்பில் பதில் வந்தது. வேலைக்காக விருத்தாசலம் வந்தது வாஸ்தவம், யூனிட் ஷெட்டில் தங்கினேன், ஆடி மாதம் ஆனதால் வழக்கப்படி மனைவியோடு சேர்ந்து இருக்கவில்லை, ஆகவே இந்தக் கோர்ட்டுக்கு அதிகார எல்லை இல்லை என்று எழுதியிருந்தார்கள். வழக்கத்தை மீறிப் பின்கதவால் வந்த மனிதர், அதே வழக்கத்தைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டார். படித்துவிட்டு எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. வக்கீல் சிரிக்கவில்லை. "சாட்சி யாரும்மா இருக்காங்க?" என்றார்.

தெருவில் கேட்டேன். எல்லாரும் எனக்கு நல்லது நினைப்பவர்கள்தான். ஆனால் எல்லாரும் பார்த்தது, மாப்பிள்ளை சாயங்காலம் துண்டோடு போவதையும் காலையில் வருவதையும்தான். அவ்வளவு நேர்த்தியாக அம்மா நாடகம் நடத்தியிருந்தாள். யூனிட் முதலாளி, வேலைக்கு வந்தார் என்பதற்கு மேல் எதுவும் தெரியாது என்று கைகழுவிவிட்டார். நடந்தது தெரிந்தவர்கள் உலகத்தில் மூன்றே பேர்: நான், அவர், அம்மா. ஆகவே அம்மா கூண்டில் ஏற வேண்டும்.

வக்கீல் அவளை உட்காரவைத்து பக்குவமாகச் சொல்லிக்கொடுத்தார். நடந்ததை நடந்தபடி சொன்னால் போதும், வெட்கப்பட ஒன்றுமில்லை, ஜட்ஜுக்கும் பெண்பிள்ளைகள் இருப்பார்கள் என்றார். அம்மா தலையை ஆட்டினாள். வழியில் பழமலைநாதர் கோயில் கோபுரத்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். எனக்குத் தைரியமாக இருந்தது.

கூண்டில் ஏறியதும் எங்கள் வக்கீல் கேட்டதற்கெல்லாம் அம்மா "ஆமாங்க" என்று முணுமுணுத்தாள். மாப்பிள்ளை ஆடியில் வந்தாரா? ஆமாங்க. உங்க வீட்டில் இருந்தாரா? ஆமாங்க. ஜட்ஜ் சத்தமாகப் பேசச் சொன்னார். பிறகு என் புருஷன் தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணைக்கு எழுந்தார். மரியாதையான ஆள். அம்மாவை அம்மா என்றே கூப்பிட்டார். எத்தனை காலமாக அந்தத் தெருவில் இருக்கிறீர்கள், ஆடிச் சீர் என்னென்ன வைத்தீர்கள் என்று உறவுக்காரர்போல விசாரித்தார். அம்மா உற்சாகமாகப் பதில் சொன்னாள். நான் எங்கள் வக்கீலைத் திரும்பிப் பார்த்தேன்.

"பொண்ண எதுக்கும்மா ஆடிக்கு அழைச்சிக்கிட்டு வர்றது?" என்றார் அவர். பின் பெஞ்சில் யாரோ சிரித்தார்கள். அம்மா தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு, அது வழக்கம் என்றாள். அந்த மாதத்தில் புருஷன் பெண்சாதி சேர்ந்து இருக்கலாமா என்று கேட்டார். கூடாது என்றாள். "அப்ப நீங்க மட்டும் சேத்து வச்சிருந்தீங்களா?"

அம்மா என்னைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள், அதாவது மாப்பிள்ளையை. அதுவரை முணுமுணுத்துக்கொண்டிருந்தவள் அந்தப் பதிலை மட்டும் கோர்ட் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"நாங்க அந்த மாதிரி வூடு இல்லீங்க. மாப்ள ஷெட்டுலதான் படுத்தாரு. எங்க வூட்டுல சாப்ட்டதோட சரி."

எதிர்த்தரப்பு வக்கீல் உட்கார்ந்துவிட்டார். அவருக்கு அதற்குமேல் ஒன்றும் தேவைப்படவில்லை. என் புருஷன் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். ஒரே ஒரு தரம் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். ஜெயித்தவர் முகமாக அது இல்லை. அந்தச் சந்து, பின்கதவு, கொசு எல்லாம் அவருக்கும் ஞாபகம் வந்திருக்க வேண்டும். மூன்று பேருக்குத் தெரிந்த உண்மையை இரண்டு பேர் இல்லை என்று சொல்லியாகிவிட்டது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் நான் சண்டைகூடப் போடவில்லை. அவளே வந்து, நாலு ஆம்பிளைகளுக்கு முன்னால் அதை எப்படிச் சொல்வது, நாக்கு வரவில்லை என்றாள். தெருவுக்காகச் சொன்ன பொய்யைத் தெருவுக்காகவே கட்டிக் காப்பாற்றியிருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். கோபத்தை விடப் பரிதாபம் அதிகமாக இருந்தது. தீர்ப்பு ஆங்கிலத்தில் வந்தது. இருவரும் கடைசியாக விருத்தாசலத்தில் சேர்ந்து குடியிருந்ததாக நிரூபிக்கப்படவில்லை, உரிய கோர்ட்டில் தாக்கல் செய்வதற்காக மனு திருப்பித் தரப்படுகிறது என்று வக்கீல் தமிழில் சொன்னார். நான் அப்போது வேலை பார்த்த பீங்கான் யூனிட்டுக்குப் போய்ப் பச்சைப் பீங்கானின் ஓரப் பிசிறைச் சீவிக்கொண்டு உட்கார்ந்தேன். அன்றைக்கு எத்தனையோ உடைத்தேன்.

அந்த வாரமே அம்மா மணவாளநல்லூர் கொளஞ்சியப்பரிடம் பிராது கட்டிவிட்டு வந்தாள். எங்கள் பக்கத்தில் மனிதர்களிடம் ஆகாத வழக்கை அந்த முருகனிடம் பேர், ஊர் போட்டு மனுவாக எழுதிக் கட்டுவார்கள். எத்தனையோ ஜில்லாவிலிருந்து வந்து கட்டுகிறார்கள். இந்த ஊர் வழக்கு என் எல்லையில் இல்லை என்று அவர் யாரையும் திருப்பி அனுப்பியதில்லை. என் விடுதலைக்காகத்தான் கட்டியிருப்பாள் என்று நினைத்தேன். என்ன எழுதச் சொன்னாய் என்று கேட்கவில்லை.

வேறு வழியில்லாமல் ராணிப்பேட்டைக்குக் கிளம்பினோம். தனியாக அனுப்ப மாட்டேன் என்று அம்மாவும் வந்தாள். காலையில் போய் ஒரு வக்கீலைப் பார்த்துக் கையெழுத்துப் போட்டுவிட்டு ராத்திரிக்குள் திரும்புகிற பயணம். ஆனால் அம்மா பெரிய பை ஒன்றைத் தூக்க முடியாமல் தூக்கிக்கொண்டு வந்தாள். ஆற்காடு பஸ் ஸ்டாண்டில் பஸ் மாறும்போது நான் அதை வாங்கினேன். கை இற்றுப்போகிற கனம். என்னதான் இருக்கிறது என்று பார்க்க ஜிப்பைத் திறந்தேன். என்னுடைய புடவைகள், ஜாக்கெட்டுகள், கல்யாணப் பட்டு, சின்னக் காமாட்சி விளக்கு. ஒரு டப்பா நிறைய முறுக்கு. அது அவருக்குப் பிடிக்கும்.

"எதுக்கும்மா இதெல்லாம்?"

"ஒருவேளை அவுரு கூப்புட்டா, நீ கையோட போயிடலாம் இல்ல."

முறுக்கு டப்பாவைத் திரும்ப உள்ளே வைத்தேன். அப்போதுதான் கூண்டில் அவள் குரல் உயர்ந்தது ஞாபகம் வந்தது. "அன்னிக்குக் கோர்ட்டுல தெரிஞ்சேதான் சொன்னியா?" என்று கேட்டேன்.

அம்மா பையின் ஜிப்பை இழுத்து மூடினாள். "கேஸு நம்ம ஊர்ல நடந்தா நீ இந்தப் பக்கமே வர மாட்ட. சீக்கிரம் அறுத்துடுவாங்க. இங்க நடந்தா மாசா மாசம் வந்துதான ஆவணும். அவுரு மூஞ்சிய நீ பாப்ப, உன் மூஞ்சிய அவுரு பாப்பாரு. அந்த ஆடியில எப்புடி இருந்தீங்க ரெண்டு பேரும். நான்தான கண்ணால பாத்தேன்" என்றாள்.

பிராதில் எழுதச் சொன்னதும் அதைத்தானாம். என் பெண்ணும் மாப்பிள்ளையும் ஒன்றாகக் குடியிருக்க வேண்டும்.

 அவள் பொய் சொன்னது வெட்கத்தால் என்று நினைத்தபோது மன்னித்துவிட்டேன். ஆசையால் என்று தெரிந்தபோது முடியவில்லை. என் தலைமுடி கொத்தாக வந்த தெருவுக்கு, பட்டுப்புடவையை மடித்து வைத்து என்னைக் கூட்டிக்கொண்டு போகிறாளே என்று மனசு கொதித்தது. அந்த ஆடியை அவளும் நம்பியிருக்கிறாள். எனக்கு ஒரு மாதம் தாங்கிய நம்பிக்கை அவளுக்கு அத்தனை வருஷம் தாங்கியிருக்கிறது. ராணிப்பேட்டை பஸ் வந்தது. பையை நான்தான் தூக்கிக்கொண்டு ஏறினேன்.

அங்கே கிடைத்த வக்கீல் அம்மாள் புதிதாக மனு எழுதினார். கடைசியாகச் சேர்ந்து குடியிருந்த இடம் ராணிப்பேட்டை என்று போட்டிருந்தது. அது நிஜமில்லையே என்றேன். விருத்தாசலத்தில் இல்லை என்று ஒரு கோர்ட்டே தீர்ப்புச் சொல்லிவிட்டது, இனிமேல் மாற்றி எழுதினால் எதிர்த்தரப்பு அதையே பிடித்துக்கொண்டு இன்னும் இழுப்பார்கள் என்றார். போட்டேன் கையெழுத்து. முறுக்கு டப்பாவை அம்மா திருப்பி எடுத்துக்கொண்டு வந்தாள். பிறகு ஒவ்வொரு வாய்தாவுக்கும் அந்தப் பை வந்தது. அவர் ஒரு தரம்கூட எங்கள் பக்கம் வந்து பேசவில்லை.

வழக்கு பாதி நடந்துகொண்டிருந்தபோது சட்டம் மாறிவிட்டது. மனைவி தான் குடியிருக்கிற ஊரிலேயே மனு போடலாமாம். ஜெராக்ஸ் கடை மாடி வக்கீல் என்னைத் தெருவில் பார்த்து நிறுத்திச் சொன்னார். இப்போது இங்கே மாற்ற முடியுமா என்றேன். அதை வாபஸ் வாங்கி, இங்கே முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும், இல்லாவிட்டால் ஹைகோர்ட்டுக்குப் போய் மாற்றலுக்கு மனு போட வேண்டும் என்றார். எனக்கு முதலிலிருந்து எதையும் ஆரம்பிக்கிற தெம்பில்லை. இந்தச் சட்டம் கொஞ்சம் முன்னால் வந்திருந்தால், ஆடியைப் பற்றி யாரும் கேட்டிருக்கவே மாட்டார்கள். அம்மா பாட்டுக்கு வாசல் தெளித்துக்கொண்டு இருந்திருப்பாள்.

விவாகரத்து கடைசியில் கிடைத்தது. அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. எனக்கு மறக்காதது, நான் கூண்டில் ஏறிய நாள்தான். அவர் எதிரே உட்கார்ந்திருந்தார், கொஞ்சம் நரைத்திருந்தார். அம்மா பின் பெஞ்சில் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நடந்ததை மறைக்காமல் சொல்வேன் என்று சத்தியம் வாங்கினார்கள். பேர், வயசு, கல்யாணம் நடந்த இடம் எல்லாம் கேட்டுவிட்டு, எங்கள் வக்கீல் அம்மாள் மனுவைப் பார்த்தபடி, "கடைசியா ரெண்டு பேரும் எங்க சேர்ந்து வாழ்ந்தீங்க?" என்றார்.

கேள்வி சாதாரணமாகத்தான் வந்தது. என் புருஷன் நிமிர்ந்து பார்த்தார். அம்மாவும் பார்த்தாள். நான் என்ன சொல்லப்போகிறேன் என்று தெரிந்துகொள்ள வேண்டியவர்கள் அந்தக் கோர்ட்டில் அவர்கள் இரண்டு பேர்தான்.

"ராணிப்பேட்டையிலங்க" என்றேன்.

டைப் அடிக்கிறவர் அதை அடித்துக்கொண்டார். அந்த ஆடியை மூன்றாவது ஆளும் இல்லை என்று சொல்லியாகிவிட்டது. என் புருஷன் மறுபடியும் தலையைக் குனிந்துகொண்டார். வாய்தா முடிந்து வெளியே வந்தபோது அம்மா வாசல் மரத்தடியில் உட்கார்ந்து, பைக்குள்ளிருந்து பட்டுப்புடவையை வெளியே எடுத்து மறுபடியும் மடித்துக்கொண்டிருந்தாள். அடுத்த தரம் அவள் வெறுங்கையோடு வந்தாள்.